மூன்றாம் ஓலை

திண்டிவனத்திலிருந்து மரக்காணம் போகும் சாலையில் இருக்கிற அந்தச் சின்னக் கத்தோலிக்கப் பங்கில், நீதி சமாதானக் குழுவுக்குத் தலைவரைத் தேர்ந்தெடுத்த அன்றைக்குத்தான் சண்டை மூண்டது. அதற்கு முன் அங்கே குழுவும் இல்லை, சண்டையும் இல்லை.

மொத்தம் பதினோரு ஓட்டு. ஆனந்தராஜுக்கு ஆறு, அவர் மச்சான் ஹவில்தார் சவரிநாதனுக்கு ஐந்து. தோற்றவர் கைகுலுக்கத்தான் வந்தார். வந்தவர் சும்மா இல்லாமல், "பட்டாசு வெடிச்சாலே காதப் பொத்திக்கிற ஆளு, போரப் பத்திப் பேசப் போறாரு" என்று சொல்லிவிட்டார். கூட்டம் சிரித்தது. ஆனந்தராஜ் நீட்டிய கையை மடக்கிக்கொண்டார். ஆச்சு, மூன்று வருஷம்.

சவரிநாதன் வேறு யாருமில்லை, ஆனந்தராஜின் மனைவி ரோஜாவுக்குக் கூடப்பிறந்த அண்ணன். பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்று வந்தவர். இரண்டு வீட்டுக்கும் நடுவே நாலே வீடு.

ஆனந்தராஜும் ஓய்வு பெற்றவர்தான், மல்லாட்டை என்கிற வேர்க்கடலை விற்பனைக் கூடத்தில் சூப்பரிண்டெண்டாக இருந்து. எதையும் எழுத்தில் செய்கிறவர். வீட்டில் கேஸ் தீர்ந்தால்கூடத் தேதி போட்டு எழுதிச் சுவரில் ஒட்டுவார். மகள் ஷாலினிக்கு விழுப்புரத்து மாப்பிள்ளை ரஞ்சித் அமைந்து, தாய்மாமனுக்குப் பத்திரிகை வைக்கும் கட்டம் வந்தபோது, ரோஜா தாம்பாளத்தைப் புளி போட்டுத் தேய்த்து வைத்தாள். ஆனந்தராஜ் பத்திரிகையை ஸ்பீடு போஸ்டில் அனுப்பினார். "நாளைக்கு வரலன்னு யாரும் வாயத் தொறக்க முடியாது பாரு" என்று ரசீதை பீரோவில் வைத்துப் பூட்டினார். நாலு வீடு தாண்ட வேண்டிய பத்திரிகை விழுப்புரம் போய், அங்கே ஓர் இரவு தங்கி, களைப்பாறித் திரும்பி, மூன்றாம் நாள் ஹவில்தார் கைக்குப் போய்ச் சேர்ந்தது.

ஆனந்தராஜுக்குப் பயம் அதற்கப்புறம்தான் பிடித்தது. கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு பூசையில் ஓலை வாசிப்பது கோயில் வழக்கம். இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் பங்குத்தந்தையிடம் சொல்லக் கடமைப்பட்டவர்கள் என்று அறிவிப்பார்கள். யாரும் எதுவும் சொன்னதில்லை. ஆனால் எப்போதும் கடைசித் தூணோரம் நிற்கிற ஹவில்தார், முதல் ஓலையன்று முதல் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். இரண்டாம் ஓலைக்கும் அதே பெஞ்ச். போதாக்குறைக்குச் சட்டைப் பையை வேறு தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

மூன்றாம் ஓலை வருகிற ஞாயிறுதான் சமாதான ஞாயிறு. பூசை முடிந்ததும் ஹாலில் கருத்தரங்கம். 'நியாயமான போர்: ஒரு கிறிஸ்தவப் பார்வை' என்று தலைவர் பதினான்கு பக்கம் எழுதி வைத்திருந்தார். ஃபிளெக்ஸும் கட்டியாயிற்று. மூலையில் இயேசு, நடுவில் புறாவைப் பறக்கவிடும் ஆனந்தராஜ். அவர் தோளுக்கு இடம் வேண்டியிருந்ததால் புறாவின் ஒரு சிறகை வெட்டியிருந்தார்கள்.

சனிக்கிழமை காலை ஆனந்தராஜ் பங்குத்தந்தைக்கு ஒரு கடிதம் எழுதினார். 'மேற்படி நபர் முன்விரோதம் காரணமாக எழுப்பக்கூடிய ஆட்சேபணையைப் பரிசீலிக்காமலே தள்ளுபடி செய்யும்படி' என்று போய்க்கொண்டிருந்தது அது. காபி கொண்டுவந்த ரோஜா நின்றபடியே படித்தாள்.

"இன்னா இது?"

"முன்னெச்சரிக்கை. அவன் அடிக்கறதுக்கு முன்னாடி நாம அடிச்சிடணும்."

ரோஜா கடிதத்தை வைத்துவிட்டுப் பக்கத்தில் இருந்த பதினான்கு பக்கத்தை எடுத்தாள். மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.

"'போருக்கான காரணம் கடுமையானதாக இருக்க வேண்டும்.' நீங்க எழுதினதுதான? பட்டாசுன்னு ஒரு வார்த்த. அது கடுமையா?"

"கூட்டமே சிரிச்சுதுடி."

"நானுந்தான் சிரிச்சேன். 'மற்ற எல்லா வழிகளும் பயனற்றுப் போன பிறகே போர்.' எத்தினி வழி பாத்தீங்க?"

"பத்திரிகை அனுப்பிச்சேன்."

"நாலு வூடு நடந்தீங்களா? சரி வுடுங்க. 'வெற்றி பெறுவோம் என்ற நியாயமான நம்பிக்கை வேண்டும்.' எங்கண்ணன நீங்க கேரம்லகூட ஜெயிச்சதில்ல."

ஆனந்தராஜ் காபியைக் குடிப்பதுபோல் முகத்தை மறைத்துக்கொண்டார்.

"'போரில் ஈடுபடாதவர்களைத் தாக்கலாகாது.'" ரோஜாவின் குரல் இறங்கியது. "மூணு வருஷமா பொறந்த வூட்டு வாசப்படி மிதிக்கல நானு. கவிதா அண்ணிக்குக் கண்ணு ஆபரேஷன் ஆனதத் தெருவுல கருப்புக் கண்ணாடியப் பாத்துத் தெரிஞ்சிகினேன். நான் எந்தப் பட்டாளத்துல இருந்தேன்?"

"அது நாட்டுக்கு எழுதினது ரோஜா. வூட்டுக்கு இல்ல."

"ஒன்னு சொல்றேன் கேட்டுக்குங்க. மாமன் இல்லாம எம்பொண்ணு கல்யாணம் நடந்தா நான் பட்டுப்பொடவ கட்டிகினு நிப்பேன். சாப்டீங்களான்னு எல்லாரையும் கேப்பேன். சிரிக்க மட்டும் மாட்டேன். ஆல்பத்த நீங்களே வெச்சிப் பாத்துக்குங்க."

அவள் போன பிறகு ஆனந்தராஜ் நெடுநேரம் யோசித்தார். யோசித்துவிட்டுக் கடிதத்தில் ஒரு கமாவைச் சேர்த்து, மறுநாள் பூசைக்கு முன் ஃபாதரிடம் கொடுத்தார்.

ஞாயிறு பூசை. ஹவில்தார் முதல் பெஞ்சில், இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில், அணிவகுப்புக்கு வந்தவர்போல. நன்றி மன்றாட்டு முடிந்து ஃபாதர் மூன்றாம் ஓலையை வாசித்தார். "தடை ஏதும் தெரிந்தவர்கள்..." என்பதற்குள் ஹவில்தார் எழுந்துவிட்டார்.

"இருக்கு ஃபாதர்."

பின் வரிசையில் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள். ஷாலினி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"தடைன்னா பூசைக்கப்புறம் என் அறைக்கு வாங்க சவரி."

"ஓலைய எல்லார் முன்னாடியும் வாசிச்சீங்க. தடையும் எல்லாருக்கும் கேக்கட்டும்."

ஃபாதர் தர்மசங்கடமாக அங்கியைத் தடவினார். "உங்க ஆட்சேபணைய ஏத்துக்கக் கூடாதுன்னு காலையிலயே ஒரு கடிதம் வந்திருக்கு."

"இன்னும் நான் சொல்லவே இல்லியே. யாரு குடுத்தது?"

ஃபாதர் மின்விசிறியைப் பார்த்தார். மற்ற எல்லாரும் ஆனந்தராஜைப் பார்த்தார்கள்.

ஹவில்தார் பையிலிருந்து உறையை எடுத்து உயர்த்திப் பிடித்தார். "என் தங்கச்சி மவ கல்யாணப் பத்திரிகை. நாலு வூடு தள்ளி இருக்கறேன். கையெழுத்துப் போட்டு வாங்கிகினேன். போஸ்ட்மேன்தான் வாழ்த்து சொன்னாரு. தாய்மாமன வாய் நெறய கூப்புடாம ஒரு கல்யாணம் நடக்கலாமா? இதான் தடை."

"திருச்சபைச் சட்டத்துல தடை மொத்தம் பன்னெண்டு சவரி" என்றார் ஃபாதர். "அதுல இது இல்ல."

பெண்கள் பக்கத்திலிருந்து அஞ்சம்மாளின் கட்டைக்குரல் வந்தது. "பதிமூணா எழுதிக்குங்க சாமி!"

கோயில் குலுங்கிச் சிரித்தது. ஹவில்தார் சிரிக்கவில்லை.

"மச்சான் எங்கிட்ட மன்னிப்பு கேக்கணும்னு வரல. தப்பு எம்மேல. எல்லையில மொத குண்டு வுழுந்தப்ப நானும் காதப் பொத்திகினு குப்புறப் படுத்தவந்தான். பக்கத்துல படுத்திருந்த பையன் அப்புறம் எழுந்திருக்கல. அதெல்லாம் சொல்லாம, இவரப் பாத்து நக்கல் பண்ணிட்டேன். அத இங்கியே சொல்லிடணும்னுதான் மூணு வாரமா முன்னாடி உக்காந்துகினு இருக்கேன். ரெண்டு வாரம் தைரியம் வரல."

ஆனந்தராஜ் ரோஜாவைப் பார்த்தார். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். அழுகிறாளா, சிரிக்கிறாளா? அவருக்குத் தெரியவில்லை. கல்யாண ஆல்பம் முழுக்க இந்த முகம் இல்லாமல் இருக்கும் என்பது மட்டும் திடீரென்று நன்றாகத் தெரிந்தது. எழுந்துவிட்டார். எழுந்த பிறகுதான் கையில் ஒன்றுமே எழுதி வைத்திருக்கவில்லை என்பது புரிந்தது.

"தட்டு இல்லாம எப்படி..." என்று முனகினார்.

ஃபாதர் பீடத்துக்குக் கீழே போனார். காணிக்கைப் பவனியில் வந்த பழத்தட்டைத் தூக்கி நீட்டினார். "இந்தாங்க. ஆண்டவருக்கு வந்தது, அவரு தர்றாருன்னு வெச்சிக்குங்க."

"வெத்தலை?"

அஞ்சம்மாள் இடுப்பிலிருந்த சுருக்குப்பையைத் திறந்தாள். "ரெண்டு வெத்தல கொறையும் சாமி, பூசை நடுவுல ஒரு வாய் போட்டுட்டேன்."

"ரெண்டு பேரா சேந்து வெக்கணும்" என்று யாரோ கத்தினார்கள். ரோஜா ஓடியே வந்தாள். நடு வரிசையில், ஊர் பார்க்க, இருவரும் தட்டை நீட்டினார்கள். பதினான்கு பக்கம் எழுதியவருக்கு ஒரு வாக்கியம் வரவில்லை.

"மச்சான்... வந்துடுங்க."

"பந்தக்கால் நடும்போதே வந்துடறேன்" என்றார் ஹவில்தார், தட்டை வாங்கிக்கொண்டு.

"வேற யாருக்காவது தடை?" என்று ஃபாதர் கேட்டார். "இல்ல!" என்று கோயிலே பதில் சொன்னது. பாடகர் குழு யாரும் சொல்லாமலே அல்லேலூயாவை ஆரம்பித்துவிட்டது.

பூசை முடிந்ததும் ஃபாதர், "கருத்தரங்கம் ஆரம்பிக்கலாமா தலைவரே?" என்றார்.

"அதுல கொஞ்சம் திருத்த வேண்டியிருக்கு ஃபாதர்" என்றார் ஆனந்தராஜ். குழுவினர் ஹாலில் வைத்திருந்த பன்னையும் டீயையும் சமாதானமாகப் பிரித்துக்கொண்டார்கள்.

மத்தியானம் ஹவில்தார் வீட்டில் சங்கரா மீன் குழம்பு. வாசலிலேயே கவிதா ரோஜாவின் கையைப் பிடித்து உள்ளே இழுத்துப் போனாள். "ஏன்டி இளைச்சிட்ட?" "அண்ணி, கண்ணு இப்ப நல்லா தெரியுதா?" "தெரியப் போய்த்தான கேக்கறேன்!" என்று தொடங்கியது. மூன்று வருஷத்துச் சேதி. ஒருத்தி முடிக்குமுன் அடுத்தவள், நடுவில் இரண்டு பேரும் சேர்ந்து. சமையலறையிலிருந்து ரோஜாவின் சிரிப்பு கூடத்துச் சுவரில் மோதித் திரும்பியது.

கூடத்தில் இலை போட்டு, தண்ணீர் தெளித்து, ஓரத்தில் உப்பும் வைத்தாயிற்று. அப்புறம் யாரும் வரவில்லை. தலைவரும் ஹவில்தாரும் வெறும் இலைகளுக்கு முன்னால் அரை மணியாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார்கள். குழம்பின் வாசனை மட்டும் வந்து வந்து போனது.

ஹவில்தார் மெல்லச் சாய்ந்து ரகசியமாகக் கேட்டார். "மச்சான், சோறு கேக்கலாமா?"

"வேணாம் மச்சான்" என்றார் ஆனந்தராஜ். "பேசட்டும்."