நாற்பத்தோரு விநாடி

வரதராஜன்பேட்டை அருள் பிரகாஷைப் பெற்று வளர்த்தது அவர் அப்பா அம்மா. ஆனால் ஊர் உலகம் அறிய ஆளாக்கியது ஒரு கோட்டான். புத்தகத்தில் அதைக் கொம்பன் ஆந்தை என்று போட்டிருப்பார்கள். பகலெல்லாம் புதர் மறைவில் ஒண்டிக்கிடக்கிற அந்தப் பறவை, ஆலத்தியூர் பக்கம் கைவிட்டுப்போன ஒரு சுண்ணாம்புக்கல் பள்ளத்தில், பாறைத் திட்டின்மேல், கொளுத்தும் வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நிற்கிறது. இரண்டு சிறகும் விரிந்திருக்கின்றன. கீழே மூன்று குஞ்சுகள். வாயைத் திறந்து இளைக்கிறதே தவிர, இடத்தை விட்டு அசையவில்லை. அருள் பிரகாஷ் எடுத்த படத்தில் அது வருவது நாற்பத்தோரு விநாடிதான். கோட்டான் அலறினால் சாவு விழும் என்று கல்லெடுத்து அடித்தவர்கள்கூட அதைப் பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

அது இரண்டாயிரத்து ஏழில் எடுத்தது. அதற்கு முன்னால் அவர் ஜெயங்கொண்டத்தில் கல்யாண வீடியோக்காரர். அதற்குப் பிறகு சென்னை, வெளிநாட்டு சேனல்கள், சிறுத்தை, கழுதைப்புலி, கடல் ஆமை என்று பதினான்கு படங்கள். எத்தனை எடுத்தும் அவரை எல்லோரும் கூப்பிட்டது 'கோட்டான் சார்' என்றுதான். கூப்பிடட்டுமே என்று அவரும் விட்டுவிட்டார். உள்ளூரப் பெருமைதான்.

அவருக்கு வாயும் கொஞ்சம் தாராளம். அந்தக் காட்சிக்கு எத்தனை நாள் காத்திருந்தீர்கள் என்று முதன்முதலில் யாரோ கேட்டபோது மூன்று நாள் என்றார். சென்னைக்குப் போனதும் அது ஏழாயிற்று. பரிசு வாங்கிய மேடையில் பதினொன்றாகி, நல்ல வேளை, அதோடு நின்றுவிட்டது. உண்மையில் ஒன்றரை நாள். இன்னொரு கேள்வி எந்த ஊரில் படம் போட்டாலும் வரும். விளக்கு எரிந்ததும் யாராவது எழுந்து, அந்தக் குஞ்சுகள் என்ன ஆயின என்று கேட்பார்கள். "பறந்துடுச்சு" என்பார். கூட்டம் கை தட்டும். அவர் திரும்பப் போய்ப் பார்த்ததே இல்லை. மறுநாள் ஜெயங்கொண்டத்தில் முகூர்த்தம் இருந்தது, கேமராவும் ஸ்டூடியோக்காரருடையது. ஆனாலும் சொல்லிச் சொல்லி, மூன்றும் ஒன்றன்பின் ஒன்றாகப் பறந்துபோனதை நேரில் பார்த்த மாதிரியே அவருக்கு ஞாபகம் இருந்தது.

இந்த வருஷம் அந்தப் படத்தைத் துலக்கிப் புதுப்பித்து, பள்ளிக்கூடங்களுக்கெல்லாம் கொடுப்பதாக ஏற்பாடு. முதல் காட்சி பெரம்பலூரில் ஒரு கல்லூரியில், சனிக்கிழமை மதியம் மூன்று மணிக்கு. படத்தோடு சேர்த்துப் போட, கூட்டைக் காட்டிக்கொடுத்த அம்சவள்ளியையும் நாலு வார்த்தை பேச வைக்கலாம் என்று அவருக்குத் தோன்றியது. அந்த அம்மாள் அப்போது பள்ளத்தோரம் ஆடு மேய்த்துக்கொண்டிருந்தவர். இப்போதும் அதே வேலைதான், வயசு மட்டும் அறுபதை நெருங்கிவிட்டது. காலையிலேயே காரில் போய், அவரை அழைத்துக்கொண்டு பள்ளத்தின் விளிம்புக்கு வந்து சேர்ந்தார் அருள் பிரகாஷ்.

பள்ளத்தில் பச்சையாகத் தண்ணீர் நின்றது. எதிர்ச்சுவரில் அந்தத் திட்டு அப்படியே இருந்தது. கேமராவை முக்காலியில் நிறுத்தி, அம்சவள்ளியைத் தொரட்டியோடு நிற்கச் சொல்லிப் பார்த்தார். ஆட்டுக்குக் கொப்பு இழுக்கிற நீளக் கழி, நுனியில் கொக்கி அரிவாள். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. குறுக்கே ஒரு ஆவாரங்கொத்து நீட்டிக்கொண்டு முகத்தை மறைத்தது. சட்டென்று ஒடித்துத் தூர எறிந்தார். அம்சவள்ளி அந்தக் கையையே பார்த்தார்.

"இன்னும் அந்தப் பழக்கம் போவலயா தம்பி?"

என்ன பழக்கம் என்று அவருக்குப் புரியவில்லை. சிரித்துக்கொண்டே கேமராவை ஓடவிட்டு, அன்றைக்கு நடந்ததைச் சொல்லச் சொன்னார். பறவைக்கு இருக்கிற பாசம், தாய்மை, அந்த மாதிரி ஏதாவது வரும் என்று எதிர்பார்த்தார்.

அம்சவள்ளி திட்டைக் கையால் காட்டினார். "அதுக்கு மேல உடைமரம் ஒண்ணு சாஞ்சு நின்னுச்சு. கூட்டுக்கு அதான் நெழலு. அத நாமதான வெட்டுனோம்."

யார் வெட்டியது என்று கேட்டார்.

"நான்தான் இழுத்தேன். நீங்க சொன்னீங்க, இழுத்தேன்."

அருள் பிரகாஷுக்குத் தூக்கிவாரிப் போட்டது. அப்படி ஒன்று நடக்கவே இல்லை என்று சொல்ல வாயெடுத்தார். இந்த அம்மாளுக்கு வயசாகிவிட்டது, எதையோ எதோடோ போட்டுக் குழப்புகிறது என்றும் நினைத்தார். ஆனால் நினைத்துப் பார்த்தால் படத்தில் திட்டின்மேல் இலை நிழல் ஒரு பொட்டுக்கூட இல்லை. அது ஏன் என்று பதினெட்டு வருஷத்தில் ஒருநாளும் அவர் கேட்டுக்கொண்டதில்லை. வெளிச்சம் நன்றாக விழுந்திருக்கிறது என்று சந்தோஷப்பட்டதோடு சரி.

பழைய டேப்பிலிருந்து மாற்றிய முழுப் பதிவும் போன வாரந்தான் சென்னையிலிருந்து வந்திருந்தது. வேண்டிய இடத்தை மட்டும் பார்த்துவிட்டு மீதியைத் திறக்காமலே வைத்திருந்தார். காரிலிருந்து லேப்டாப்பை எடுத்து வந்து, வெயிலுக்குத் துண்டைப் போர்த்திக்கொண்டு, ஆரம்பத்திலிருந்து ஓட்டினார்.

முதலில் படம் ஆடியது. திட்டின்மேல் அடர்த்தியாக ஒரு மரம், அதன் நிழலில் ஏதோ பழுப்பாக மூன்று. தாயைக் காணோம், ஆள் சத்தத்துக்குப் பறந்திருக்கும். பிறகு குரல் கேட்டது. இளவயசுக் குரல், அவருடையதுதான்.

"அக்கா, அந்தப் பெரிய கெளையையும் இழுத்துடுங்க. மூஞ்சிய மறைக்குது."

தொரட்டி நுழைந்தது. கிளை முறிந்தது. இன்னொன்று முறிந்தது. வெயில் தொப்பென்று திட்டில் விழ, குஞ்சுகள் மூன்றும் சுவரோடு ஒட்டிக்கொண்டன.

"குஞ்சு மேல வெயிலு உழுவுதே தம்பி." இது அம்சவள்ளி.

"அரை மணி நேரந்தான்க்கா. பொறுத்துக்கும்."

அருள் பிரகாஷ் துண்டுக்குள்ளேயே குந்தியிருந்தார். செய்ததைவிட, செய்தது சுத்தமாக ஞாபகமில்லாமல் போனதுதான் அவரை அதிகம் பயமுறுத்தியது. ஆனால் எப்படி ஞாபகம் இருக்கும்? மூஞ்சிய மறைக்குது, நவுருங்க என்று அவர் அதுவரை ஆயிரம் தடவை சொல்லியிருப்பார். மாப்பிள்ளையின் சித்தி நகர்வாள், குத்துவிளக்கு நகரும், வாழைமரம் நகரும். கல்யாண வீடியோக்காரருக்கு அது ஒரு காரியமே இல்லை, மூச்சு விடுகிற மாதிரி. மண்டபத்தில் நகர்த்தியதெல்லாம் படம் எடுத்து முடித்ததும் அதனதன் இடத்துக்கு வந்துவிடும். உடைமரத்துக் கிளை வருமா?

குஞ்சுகள் என்ன ஆயின என்று அவர் கேட்டார். ஊர் ஊராக மற்றவர்கள் அவரிடம் கேட்டதை, முதல் தடவையாக அவர் இன்னொருவரிடம் கேட்டார்.

"மறுநா நீங்க வல்ல," என்றார் அம்சவள்ளி. "நான் ஆட்ட ஓட்டிக்கிட்டு வந்தேன். காலையில ஒண்ணுமில்ல. மத்தியானத்துக்கு மேல நேரா அடிக்கிற வெயிலு. தாயி ரெக்கைய விரிக்குது, தள்ளாடுது, மடக்குது, திரும்ப விரிக்குது. ரெண்டு குஞ்சுதான் தலையத் தூக்குச்சு. வூட்டுக்கு ஓடிப்போயி ஒரு பொடவையக் கொண்டாந்து மேலேருந்து தொங்கவிட்டேன். அதப் பாத்து மெரண்டு தாயி பறந்துடுச்சு. சரின்னு உருவிட்டேன். அப்பறந்தான் வந்துச்சு. மூணாம் நாளு ஒரு குஞ்சும் தலையத் தூக்கல."

பள்ளத்தோரம் மேய்ந்துகொண்டிருந்த ஆடுகளில் ஒன்று தும்மியது.

"அதுக்கு அப்பறமும் ரெண்டு நாளு விரிச்சுக்கிட்டு நின்னுச்சு தம்பி."

ஏன் இத்தனை வருஷம் யாரிடமும் சொல்லவில்லை என்று கேட்டபோது, அம்சவள்ளி அவரை வினோதமாகப் பார்த்தார். "உங்களுக்குத் தெரியும்னுல்ல நெனச்சேன். தெரிஞ்சுக்கிட்டே பொழப்புக்காக மாத்திச் சொல்றீங்கன்னு நெனச்சேன். இழுத்தது என் கையி. நான் யாருகிட்ட போயிச் சொல்றது?"

கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருப்பதை இருவரும் ஒரே நேரத்தில் பார்த்தார்கள். வேண்டாமென்றால் அழித்துவிடச் சொன்னார் அம்சவள்ளி. தான் இனியும் வாயைத் திறக்கப்போவதில்லை என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் அருள் பிரகாஷுக்குத் தாங்கவில்லை.

பெரம்பலூர் போகிற வழியெல்லாம் அருள் பிரகாஷ் மனசுக்குள் வாதாடிக்கொண்டே காரை ஓட்டினார். பின்சீட்டில் அம்சவள்ளி, விழாவுக்கென்று எடுத்து வைத்திருந்த பட்டுப்புடவையில், பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சொன்னால் என்ன ஆகும்? பெயர் போகும். பதினான்கு படத்தையும் இனி எவனும் நம்ப மாட்டான், ஒவ்வொன்றிலும் எதை ஒடித்தாய் என்று கேட்பான். பள்ளிக்கூடங்களுக்குப் போகிற படம் நிற்கும். செத்த குஞ்சுகள் திரும்பி வரப்போவதில்லை. ஆனால் இந்தப் படத்தைப் பார்த்து எத்தனை பிள்ளைகள் கையில் எடுத்த கல்லைக் கீழே போட்டிருக்கிறார்கள்! ஆகவே சொல்லாமல் இருப்பதுதான் நியாயம். மருவத்தூர் தாண்டும்போது இப்படி முடிவு கட்டிவிட்டார். முடிவு கட்டிய பிறகும் பின்சீட்டைக் காட்டுகிற கண்ணாடியைப் பார்க்காமலே ஓட்டினார்.

கல்லூரி அரங்கு நிரம்பி வழிந்தது. விழாவை நடத்தியவர் பேராசிரியை சிந்தாமணி, மாணவியாக இருந்த காலத்திலிருந்து அந்தப் படத்தைப் பத்துத் தடவையாவது பார்த்தவர். மாலை, பொன்னாடை, வரவேற்புரை எல்லாம் முடிந்து படம் ஓடியது. நாற்பத்தோரு விநாடி வந்தது. எப்போதும் அருள் பிரகாஷ் அந்த நேரத்தில் திரையைப் பார்க்க மாட்டார், கூட்டத்தின் முகத்தைத்தான் பார்ப்பார். அன்றைக்குத் திரையைப் பார்த்தார். அவர் பாசம் என்று பேர் வைத்தது ஒரு பறவையின் தள்ளாட்டம். சிறகின் நுனி நடுங்கியது. எத்தனை ஊரில், எத்தனை பெரிய திரையில் போட்டிருக்கிறார், அது நடுங்கியது அவர் கண்ணில் பட்டதே இல்லை. முன்வரிசையில் அம்சவள்ளி குனிந்து தன் இரண்டு உள்ளங்கைகளையும் பார்த்துக்கொண்டிருந்தார்.

விளக்கு எரிந்தது. சிந்தாமணி மைக்கை வாங்கினார். எல்லோரும் கேட்கப்போகிற கேள்வியைத் தானே கேட்டுவிடுவதாகச் சொல்லிச் சிரித்தார். பதில் அவருக்கும் தெரியும், அரங்கில் பாதிப் பேருக்கும் தெரியும்.

"குஞ்சுங்க பறந்துடுச்சுங்களா சார்?"

"இல்லைங்க," என்றார் அருள் பிரகாஷ். "பறக்கல."

கைதட்டல் எழுந்துவிட்டது. பழக்கத்தில் தட்டிவிட்டார்கள். பிறகுதான் காதில் விழுந்ததோ என்னவோ, ஒவ்வொரு வரிசையாக ஓய்ந்து, கடைசியில் எங்கோ ஒரு ஜோடிக் கை மட்டும் இரண்டு தட்டு தட்டி நின்றது. சிந்தாமணி முகத்தில் சிரிப்பு அப்படியே உறைந்துபோயிற்று. சார் வேடிக்கைக்குச் சொல்கிறார் என்று அவர் சமாளிக்கப் பார்த்தார்.

அருள் பிரகாஷ் பையிலிருந்து லேப்டாப்பை எடுத்து, திரைக்குப் போகிற ஒயரைத் தானே மாட்டினார். முன்வரிசையில் அம்சவள்ளி தலையை நிமிர்த்தினார்.

படம் ஆடி நின்றது. அடர்த்தியாக ஒரு உடைமரம். அதன் நிழலில் பழுப்பாக மூன்று. அரங்கு முழுக்க, பெரிய ஸ்பீக்கர்களில், கல்யாண வீடியோக்காரரின் உற்சாகமான குரல் கேட்டது. கிளைகள் முறிந்தன. வெயில் விழுகிறதே தம்பி என்று ஒரு பெண் கேட்டாள்.

"அரை மணி நேரந்தான்க்கா," என்றது குரல். "பொறுத்துக்கும்."