பெஞ்சுக்கு ஒரு ரெய்டு

"கபடி ஃபைனல்ல திவ்யா மேட்ல கால் வைக்கவே இல்ல. ஜட்ஜ் கேட்டா இதை மட்டும் சொல்லு," என்றார் வக்கீல் ஹரிநாராயணன்.

ஒத்தக்கடை ஹைகோர்ட் வராந்தாவில் நின்றிருந்த ராஜஸ்ரீ நிமிர்ந்து பார்த்தாள்.

"அவ இறங்குனா சார்."

வக்கீல் அவளுடைய அப்பாவைப் பார்த்தார். அப்பா விஸ்வேஸ்வரன் தரையைப் பார்த்தார்.

"அஃபிடவிட்ல அப்படித்தாம்மா இருக்கு. நீதான கையெழுத்துப் போட்ட?"

போட்டாள்தான். பக்கம் பக்கமாக இங்கிலீஷ், காட்டிய இடத்திலெல்லாம் போட்டாள். கபடியில் எதிராளியின் சுண்டுவிரல் அசைந்தாலும் கண்டுபிடிக்கிற கெட்டிக்காரி, தன் பெயரில் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை.

விஷயம் இதுதான். அரசு பல் மருத்துவக் கல்லூரியில் விளையாட்டுக் கோட்டாவுக்கு ஒரே ஒரு இடம். ராஜஸ்ரீயும் அவனியாபுரத்துத் திவ்யாவும் தேசியப் போட்டியில் தங்கம் வாங்கிய ஒரே அணி. திவ்யாவுக்கு நீட் மார்க் கூட என்பதால் இடத்தை அவளுக்குக் கொடுத்துவிட்டார்கள். ஆனால் இறுதி ஆட்டத்தில் ஆடியவருக்குத்தான் இடம் என்று விதி இருக்கிறது. ஆட்டத்தின் ஸ்கோர் ஷீட்டில் திவ்யா பெயரே இல்லை. அதைப் பிடித்துக்கொண்டுதான் வழக்கு. தங்கம் வாங்கியதற்கான சான்றிதழ் அடுத்த வருடம் செல்லாது. இன்று விட்டால் இரண்டு பேரில் ஒருத்திக்குப் பல் டாக்டர் ஆசை அத்தோடு சரி.

பெயர் இல்லாததற்குக் காரணம் ராஜஸ்ரீக்குத் தெரியும். அவர்கள் அணியில் ஒரு பழக்கம். கப் உறுதியாகிவிட்டால் கடைசி ரெய்டு பெஞ்சுக்கு. அத்தனை ஆட்டத்திலும் துண்டும் தண்ணீர் பாட்டிலும் சுமந்தவள் ஒரு தடவையாவது பாடிப் போய்வர வேண்டாமா? கேப்டன் ராஜஸ்ரீதான் வெளியே வந்து திவ்யாவை உள்ளே அனுப்பினாள். வெற்றிக் கூச்சலில் ஸ்கோர் எழுதியவர் அதை எழுதாமல் விட்டுவிட்டார்.

"ஒரு வார்த்தை பாப்பா," என்றார் அப்பா மெதுவாக. "நீ பட்ட பாட்டை நான் பாத்திருக்கேன்ல."

கோர்ட்டுக்குள் இரண்டு வக்கீல்களும் மாறி மாறிப் பேசினார்கள். திவ்யா ஆடினாள் என்றார் ஒருவர். ஆதாரம் எங்கே என்றார் ஹரிநாராயணன். நீதிபதி கையமர்த்திவிட்டு, கேப்டன் வந்திருக்கிறாரா என்று கேட்டார்.

ராஜஸ்ரீ எழுந்தாள். எதிர் வரிசையில் திவ்யா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையில் கெஞ்சல் இல்லை, அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

"இறுதி ஆட்டத்துல இந்தப் பொண்ணு விளையாடினாங்களா?"

இல்லை என்று சொன்னால் முடிந்தது. அந்தச் சொல் நாக்கு நுனிவரை வந்தது. இடம் அவளுக்கு வேண்டும், திருடியாவது வேண்டும் என்றிருந்தது.

"விளையாடினா ஐயா. கடைசி ரெய்டு."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"நான்தான் வெளிய வந்து அவளை இறக்கிவிட்டேன்."

ஹரிநாராயணன் பேனாவை மூடினார். நீதிபதி மனுவைப் புரட்டினார்.

"இதைச் சொன்னா உங்க மனு நிக்காதும்மா. புரியுதா?"

"புரியுது ஐயா."

மனு தள்ளுபடியானது. உண்மையைச் சொன்னால் மனசு லேசாகும் என்பார்களே, அப்படி ஒன்றும் ஆகவில்லை. வயிறு எரிந்தது. அப்பா பைக்கை எடுக்கப் போய்விட்டார்.

வாசலில் திவ்யா ஓடிவந்து அவள் கையைப் பிடித்தாள். ராஜஸ்ரீ கையை உருவிக்கொண்டாள்.

"இன்னிக்கு எங்கிட்டப் பேசாதடி. எனக்கு உம்மேல கோவமா இருக்கு."

"நான் என்னடி செஞ்சேன்?"

"ஒண்ணும் செய்யல. அதான் கோவம்."

திவ்யாவின் கண் நிறைந்தது. பைக் வந்து நின்றது. ராஜஸ்ரீ ஏறி உட்கார்ந்தாள். வண்டி நகரும்போது திரும்பாமலே சொன்னாள்:

"ஒழுங்காப் படி. ஒரு பேப்பர்ல அரியர் வச்சேன்னு கேள்விப்பட்டேன், வீட்டுக்கே வந்து உதைப்பேன்."

அப்பாவின் முதுகில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, அதற்குப் பிறகுதான் அழுதாள்.