நான்தான் விழுத்தினனான்

குசினிக்குள் அடுப்படியில் இருந்து ஓடிவந்த நிமலினி தலையை ஒரு பக்கம் ஒதுக்கி, அப்பாவின் தொடைக்குக் கீழே வலது தோளைக் கொடுத்துப் பக்கவாட்டில் மோதினாள். இரண்டு கைகளாலும் அவருடைய முழங்கால்களைச் சேர்த்துக் கட்டினாள். அந்தப் பெரிய உடம்பு ஒரு கணம் அசையாமல் நின்றது. பிறகு சரிந்தது. சரிகிறபோதுதான் அம்மாவின் கழுத்தை நெரித்துக்கொண்டிருந்த கைகள் விட்டன. கிணற்றுக்கட்டின் சீமெந்து விளிம்பில் அவருடைய தலை, காதுக்குச் சற்று மேலே, அடிபட்டது.

அம்மா ஜெயந்தா குளியலறைச் சுவரோடு சறுக்கி நிலத்தில் இருந்தாள். வாயிலிருந்து இரத்தம் வடிந்தது. மூச்சு வர நேரமெடுத்தது. வந்ததும், "அவருக்கு அடிபட்டிட்டுது, போய்ப் பாரடி" என்றாள்.

அன்ரனிதாஸ் தானாகவே எழும்பினார். தலையைத் தடவிக் கையைப் பார்த்தார். இரத்தம் இல்லை. மகளைப் பார்த்துச் சிரித்தார்.

"நல்ல ரக்கிள். ஆர் பழக்கினது?"

அந்த றக்பிப் பிடியைப் பழக்கியது அவர்தான். கண்டியில் இருந்த காலத்தில், அவளுக்குப் பத்து வயது. "தலையைக் குடுக்காதை பிள்ளை, தோளைக் குடு. காலைக் கட்டினால் எந்த மலையும் விழும்" என்று சொல்லிச் சொல்லி, புல்வெளியில் அவளை நூறு தரம் தன்மேல் மோதவிட்டிருக்கிறார். அப்போதெல்லாம் வேண்டுமென்றே விழுவார்.

சண்டை தொடங்கியது ஒரு பஸ்ஸால். பின்னேரம் மூன்று மணிக்கு அன்ரனிதாஸ் சப்பாத்தைத் தேடினார். கேற்றடியில் அணியின் பஸ் நிற்பதாகவும், எல்லாரும் ஏறிவிட்டதாகவும், ஜெயந்தா சப்பாத்தை ஒளித்துவைத்திருப்பதாகவும் சொன்னார். "பஸ் ஒண்டும் நிக்கேல்லை. நீங்கள் விளையாட்டை விட்டு இருவது வருசம்" என்று அவள் சொன்னதுதான் தாமதம், முன்பல் ஒன்று தெறித்துவிட்டது.

கரம்பொன் ஊர்க் குருசுமுத்துவின் மகன் அன்ரனிதாஸ் தொண்ணூறாம் ஆண்டு இடம்பெயர்ந்து கொழும்புக்குப் போனபோது பதினாறு வயது. கடலில் வலை இழுத்த தோள்கள். பள்ளிக்கூடத்தில் ஒரு மாஸ்ரர் அந்தத் தோள்களைக் கண்டு றக்பிப் பந்தைக் கையில் கொடுத்தார். ஏழு வருடத்தில் நாட்டின் உடுப்பு அவர் உடம்பில் ஏறியது. ஹொங்கொங், பாங்கொக், டோக்கியோ என்று போனார். பார்க்க வந்த சனம் அவரை "யகா" என்று கத்தியது, சிங்களத்தில் பேய். பந்தோடு வருகிறவனை நெஞ்சோடு முட்டி மல்லாத்துகிற பேய். மூக்கு மூன்று தரம் உடைந்தது. ஒரு காது வீங்கிக் கட்டிபட்டு அப்படியே நின்றுவிட்டது. மைதானத்துக்கு வெளியே குரலை உயர்த்திப் பேசமாட்டார். யுத்த காலத்தில் சோதனைச்சாவடியில் துவக்குப்பிடியால் இடித்தபோதுகூடக் கையைக் கட்டிக்கொண்டு நின்றவர்.

நாற்பது வயதுக்குப் பிறகுதான் பேய் வீட்டுக்குள் வந்தது. கண்டியில் பயிற்சி கொடுத்த பள்ளிக்கூடத்தில் ஒரு மாணவனின் தாடையை உடைத்ததோடு வேலை போனது. ஊருக்குத் திரும்பினார்கள். ஆட்களின் பெயரை மறந்தார், கடற்கரைக்குப் போகிற வழியை மறந்தார். ஜெயந்தாவுக்கு முதலில் விலா எலும்பு, பிறகு மணிக்கட்டு. கேட்பவர்களிடம் "படியில விழுந்தனான்" என்பாள். அந்த வீட்டுக்கு இருந்தது ஒரே ஒரு படி.

விழுந்த அன்று அவர் தேத்தண்ணி குடித்தார். இடியப்பம் சாப்பிட்டுவிட்டுப் படுத்தார். விடியற்காலையில் சத்தி எடுத்தார். பிறகு கூப்பிடக் கூப்பிடக் கண் திறக்கவில்லை. அம்புலன்ஸ் மண்டைதீவுச் சந்தியைத் தாண்டும்போது அவருடைய கை நிமலினியின் மடியில் கிடந்தது. யாழ்ப்பாணம் போய்ச் சேருவதற்கு முன்னமே, உள்ளே இருந்த உதவியாளர் அவருடைய நாடியைத் தொட்டுப் பார்த்துவிட்டு நேரத்தைக் கடதாசியில் குறித்துக்கொண்டார்.

ஆஸ்பத்திரி விறாந்தையில் அம்மா சேலைத் தலைப்பைக் கழுத்தைச் சுற்றி இறுக்கிக்கொண்டாள்.

"கிணத்தடியில வழுக்கி விழுந்தவர். விளங்கிச்சோ? நீ குசினிக்குள்ள நிண்டனீ. ஒண்டும் காணேல்லை."

"அம்மா, நான்..."

"நாட்டுக்கு விளையாடின மனுசனடி. பெண்சாதியின்ர கழுத்தை நெரிக்கேக்க விழுந்து செத்தவர் எண்டு அவரை அடக்கம் பண்ணவேணுமோ? உன்னையும் கொண்டுபோய் மறியலில போடுவாங்கள்."

மரண விசாரணை அதிகாரி வைத்திலிங்கம் அம்மா சொன்னதையெல்லாம் ஆறுதலாக எழுதினார். பிறகு நிமிர்ந்தார்.

"பிள்ளை, நீர் என்ன கண்டனீர்?"

மேசைக்குக் கீழே அம்மாவின் கால் அவள் காலை மிதித்தது.

"வழுக்கி விழேல்லை ஐயா. நான்தான் விழுத்தினனான். அம்மாவைக் கொல்லப் பாத்தவர்."

அம்மா எழும்பி அவளுடைய கன்னத்தில் அறைந்தாள். வெளியே வரிசையில் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள். வைத்திலிங்கம் பேனையை மூடிவைத்துவிட்டுப் பொலிஸ்காரரைக் கூப்பிட்டார்.

பிரேதப் பரிசோதனை செய்த பெண் டொக்டர் கையுறையைக் கழற்றிக்கொண்டே வந்தார்.

"இவருக்கு முந்தியும் தலையில அடிபட்டிருக்கோ? பழைய காயங்கள் கனக்க இருக்கு. மூளை சுருங்கிப்போய்க் கிடக்கு, எண்பது வயது ஆளின்ர மாதிரி. நேத்தைய இரத்தக்கசிவு அதுக்கு மேல வந்தது. எத்தினை தரம் அடிபட்டது, தெரியுமோ?"

"எண்ணேல்லை" என்றாள் அம்மா.

நிமலினியைக் கோட்டுக்குக் கொண்டுபோய்ப் பிணையில் விட்டார்கள். வழக்கு ஒன்றரை வருடம் இழுபட்டு, தாயைக் காப்பாற்றச் செய்த காரியம் என்று முடிந்தது. ஆனால் பிரேதம் கரம்பொன் வீட்டில் வந்து இறங்கிய அன்று, மகள் தகப்பனைக் கொன்றுவிட்டாள் என்பது மட்டும்தான் ஊருக்குத் தெரிந்திருந்தது.

கொழும்பிலிருந்து ஒரு வான் பிடித்து, அவரோடு விளையாடிய ஏழு பேர் வந்தார்கள். வெள்ளைச் சேட்டு, தடித்த கழுத்துகள். பழைய அணித்தலைவர் பிரியந்த கதிரையை இழுத்துப்போட்டு நிமலினிக்குப் பக்கத்தில் இருந்தார். அவருடைய வலது கை மடியில் தன்பாட்டில் நடுங்கிக்கொண்டிருந்தது. தெரிந்த அளவு தமிழில் சொன்னார்.

"பாங்கொக்கில தாஸுக்குத் தலை அடிச்சது மகள். ரெண்டு நிமிசம் எழும்ப இல்லை. டொக்டர் சொன்னது வெளிய எடு எண்டு. நான் சொன்னது, வேணாம், உள்ளுக்குப் போ எண்டு. தாஸ் என்னைப் பாத்துக் கேட்டது, இது எந்த ஊர் எண்டு. நாங்க எல்லாரும் சிரிச்சது."

அந்த நடுங்குகிற கையைப் பிடித்து முறித்துவிடலாம் போல நிமலினிக்கு இருந்தது.

"பிறகு?"

"பிறகு நாங்க வெண்டது. மூணு புள்ளி." நெற்றியைத் தேய்த்தார். "பாங்கொக்கா, ஹொங்கொங்கா..." என்று தனக்குள்ளே தேடத் தொடங்கினார்.

பெட்டியை மூட ஆட்கள் எழும்பியபோது, அப்பாவின் தமக்கை மேரிறோஸ் நிமலினியின் பின்னலைப் பிடித்துவிட்டாள். இழுத்து நிலத்தில் விழுத்தி, முகத்திலும் முதுகிலும் மாறிமாறி அடித்தாள்.

"கொலைகாரி! தோளில தூக்கி வளத்தவனையெல்லோ கொண்டுபோட்டாய்!"

ஒருவரும் பிடிக்கவில்லை. பக்கத்துவீட்டுச் செல்வரத்தினம், "விடு மேரிறோஸ், விடு" என்றார், இருந்த இடத்தைவிட்டு அசையாமல். நிமலினியின் உதடு வெடித்து இரத்தம் சட்டையில் சொட்டியது. அவள் கையைக்கூட உயர்த்தவில்லை.

அம்மா பெட்டியின் தலைமாட்டில் இருந்து எழும்பி வந்தாள். மேரிறோஸின் கையைப் பின்னலில் இருந்து விரல் விரலாகக் கழற்றினாள். பிறகு கழுத்தைச் சுற்றியிருந்த வெள்ளைச் சேலைத் தலைப்பை அவிழ்த்துவிட்டாள். விரல்களின் தடம் கருநீலமாக, எண்ணக்கூடியதாக இருந்தது.

"மச்சாள், வடிவாப் பாருங்கோ" என்றாள். முன்பல் இல்லாத வாயில் சொற்கள் காற்றோடு வந்தன. "இது உங்கட தம்பியின்ர கை. ஏழு வருசமா ஒருத்தருக்கும் சொல்லேல்லை. இவள் விழுத்தியிராட்டில் இண்டைக்கு இந்தப் பெட்டிக்குள்ள நான்தான்."

செபம் சொல்லிக்கொண்டிருந்த பெண்களின் குரல் நின்றது. மேரிறோஸ் எழும்பிப் பெட்டிக்குள் தம்பியின் கைகளைப் பார்த்தாள். செபமாலை சுற்றிய பெரிய, தடித்த விரல்கள். அவற்றைத் தொடப் போனாள். தொடாமல் கையை இழுத்துக்கொண்டாள்.

கொழும்பு ஆட்களும் ஊர் ஆட்களுமாகப் பெட்டியைத் தூக்கினார்கள். அடக்கம் செய்யும் சேமக்காலைவரை அம்மா நிமலினியின் கையை விடவில்லை. வழியில் இரண்டு தரம், "நோகுதோ?" என்று கேட்டாள். 

அடுத்தநாள் காலை ஒன்பது மணிக்கு, சரவணையில் இருந்து மனோகரி அக்கா துக்கம் கேட்க வந்தார். கேற்றுத் திறக்கும் சத்தம் கேட்டதும் நிமலினி ஓடிப்போனாள்.

"அம்மா எங்க பிள்ளை?"

நிமலினி திரும்பிப் பார்த்தாள். விறாந்தையின் நடுவில், வெறும் நிலத்தில், அம்மா மல்லாந்து கிடந்தாள். இரண்டு கைகளும் அகல விரிந்திருந்தன. வாய் திறந்திருந்தது. குறட்டைச் சத்தம் கேற்றடிவரை வந்தது. வெயில் முழங்கால்வரை ஏறியிருந்தது.

"பின்னேரம் வாங்கோ அக்கா" என்று மெல்லச் சொல்லிவிட்டு, கொளுக்கி சத்தம் போடாமல் கேற்றைச் சாத்தினாள்.