பொங்கியண்ணன் நட்ட சாமி

என் மாமா பொங்கியண்ணன் தெய்வபக்தி உள்ளவர். இல்லாவிட்டால் சொந்தமாக ஒரு தெய்வத்தைத் தயாரிக்கும் தைரியம் வருமா?

திருப்பூரில் மருதம்மாள் அவரிடம் வாடகைக்கு எடுத்திருந்தது துணி காயப்போடும் முன்வாசலை மட்டுந்தான். பின்னால் இருந்த ஓட்டுச் சாளை, செத்துப்போன புருசன் வாங்கிய சொந்த இடம். குடித்தனமும் ஒற்றைப் பனியன் மெஷினும் அதற்குள்தான். இரண்டுக்கும் நடுவே எல்லைக்கல். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்து நான்கில், அவள் சிவன்மலைத் தேருக்குப் போன அன்று, மாமா அதைப் பிடுங்கிச் சாளைக்குப் பின்னால் ஒரு முழ ஆழத்தில் நட்டார். யாரும் திரும்பப் பிடுங்காமலிருக்க மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, சிவப்புத் துணி சுற்றினார். காலேஜ் லீவில் இருந்த நான் கூடவே நின்று பார்த்தேன்.

பிறகு சாளையும் தன்னுடையதே என்று மாமா போட்ட வழக்கில், கோர்ட் கமிஷனர் கல்லிலிருந்தே சங்கிலி பிடித்து அளந்தார். சாமி பொய் சொல்லாது என்று முன்சீப் எழுதவில்லை. தீர்ப்பு மட்டும் அப்படி இருந்தது. மருதம்மாள் தன் சொந்த வீட்டிலேயே குடிக்கூலிக்காரி ஆனாள், காலி செய்யவும் உத்தரவாயிற்று.

உத்தரவை நிறைவேற்றப் பூட்டோடு வந்த கோர்ட் அமீனா ஞானசம்பந்தம், கல்லைப் பார்த்ததும் செருப்பைக் கழற்றினார்.

"சாமி நிக்கிற ஊட்டைப் பூக் கேக்காமப் பூட்ட மாட்டனுங்க."

"கோர்ட் உத்தரவு இருக்குதுங்களே?" என்றார் மாமா.

"அது முன்சீப்போடதுங்க. இவரு இன்னும் போடலீங்களே."

வெள்ளை அரளி வந்தால் சாமிக்குச் சம்மதம், சிவப்பு வந்தால் இல்லை. தனித்தனியே இலையில் மடித்துப்போட்டு ஒன்றை எடுக்க வேண்டும். பெண் எடுப்பது முதல் கிணறு வெட்டுவது வரை எங்கள் பக்கத்தில் இதுதான் மேல்கோர்ட். மாமாவே மடித்தார், இரண்டிலும் வெள்ளை. பறித்துக் கொடுத்தவன் நான். அவர் தோட்டத்தில் சிவப்பு அரளியே கிடையாது.

"நீங்களே எடுங்க அம்மிணி," என்றார் அமீனா.

"ஊட்டை உட்டுப்போட்டு எங்க போவனுங்க?" மருதம்மாள் எங்களைக் கேட்கவில்லை, கல்லைக் கேட்டாள். எடுத்துப் பிரித்தாள்.

சிவப்பு.

மாமா பாய்ந்து மற்றதைப் பிரித்தார். அதுவும் சிவப்பு.

"ரண்டுலயுமே செவப்பு வெச்சதாருங்க?" என்றார் அமீனா.

வெள்ளைதான் வைத்தேன் என்று மாமா எந்த வாயால் சொல்வார்?

"இதென்ன சாமி, வெறுங் கல்லு," என்று கடப்பாரையை எடுத்தார். முழ ஆழம் தோண்டினார். கல் முடியவில்லை. இடுப்பளவு தோண்டினார். கல் பருத்துக்கொண்டே கீழே போயிற்று.

"மாப்ளே, இது எத்தனை நீளம்டா இருந்துச்சு?"

"ரண்டு முழங்கூட இல்லீங்க மாமா."

கழுத்தளவில் கடப்பாரை நின்றது. எட்டிப் பார்த்தேன். அந்த ஆழத்திலும் கல்லுக்கு மஞ்சள் பூசியிருந்தது. ஈரம் காயவில்லை.

"ஏறி வாங்க பண்ணாடி," என்று மருதம்மாள் கை நீட்டினாள்.

மாமா கையைப் பிடிக்கவில்லை. "இது உங்க இடந்தான்னு இதுகிட்டச் சொல்லீருங்க அம்மிணி."

"நாஞ் சொன்னதைக் கோர்ட்டே கேக்கலீங்களே. நீங்களே சொல்லுங்க."

சொன்னார். கல்லை நான்தான் மாற்றி நட்டேன், இடம் அவளுடையது என்று முதலில் முணுமுணுப்பாக, பிறகு தெருவுக்கே கேட்கும்படி.

அமீனா பூட்டைப் பைக்குள் போட்டுவிட்டுப் பேனாவை எடுத்தார். "சாமி முன்னால ஒப்புக்கிட்டாருன்னு எழுதிக்கறனுங்க. சாமி பேரு என்னங்க?"

மாமா குழிக்குள் காதைக் கல்லோடு வைத்துக் கொஞ்ச நேரம் கேட்டார்.

"இன்னும் சொல்லலீங்க," என்றார்.