மீட்டரும் மூடியும்

மருமகள் ஸ்லோ குக்கர் என்ற, மெதுவாக வேகவைக்கும் மின்சட்டியை வாங்கி வந்த வாரமே அந்த வீட்டு மின்மீட்டரின் சக்கரம் பின்பக்கமாகச் சுற்ற ஆரம்பித்தது. எட்டு மணி நேரம் இறைச்சி வெந்தால் ஒன்றரை யூனிட் குறையும். மாமனார் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து பார்த்துக் கண்டுபிடித்தார். பாலை முகர்ந்து, மீதிச் சில்லறையை இரண்டு தடவை எண்ணியே வாழ்ந்த மனுஷன். நாளெல்லாம் எரிகிற சட்டி ஒன்றரை யூனிட்தான் தின்னும் என்று பெட்டியில் போட்டிருந்ததையே நம்பாதவர், இதை எங்கே நம்பப்போகிறார்? வேகிறதா என்று நிமிஷத்துக்கொரு தரம் மூடியைத் திறந்தார். திறந்தபோதெல்லாம் சக்கரம் ஒழுங்காக முன்னால் ஓடியது, மூடினால் மறுபடி பின்னால். "மாமா, ஒரு தடவ தொறந்தா அரை மணி நேரச் சூடு போச்சு. கை சும்மா இருக்காதா?" என்று மருமகள் தினமும் பாடினாள்.

இன்றைக்குக் குறைக்கிறவன் நாளைக்குச் சேர்த்துவைத்துப் பில்லில் தீட்டுவான் என்று நினைத்து, யாரிடமும் சொல்லாமல் மின்சார அலுவலகத்துக்கு மனு எழுதிப் போட்டார். பத்தாம் நாள் பதில் வந்தது. புதன்கிழமை ஆய்வாளர் வருவார், அந்தச் சட்டி ஓடிக்கொண்டிருக்க வேண்டும், மீட்டரில் எவராவது கைவைத்திருந்தால் வழக்கு. மகன் அதே அலுவலகத்தில் லைன்மேன். கடிதத்தைப் படித்துவிட்டுச் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்தான். "மீட்டர் சீல்ல நான் கைவைக்கலன்னா எவன் நம்புவான்? வேலை போச்சுப்பா." மனு யாருடையது என்று அவன் கேட்கவில்லை. பெயர் கடிதத்திலேயே இருந்தது.

புதன்கிழமை ஆய்வாளர் டார்ச் அடித்து மீட்டர் சீல் உடையாமல் இருக்கிறதா என்று பார்த்தார், நாற்காலி கேட்டு மீட்டருக்கு எதிரே உட்கார்ந்தார். சக்கரம் மெல்ல நின்றது. பின்னால் நகரப் பார்த்தது. வாசலில் மகனுக்குச் சட்டை நனைந்துவிட்டது. மருமகள் கிழவரின் காதோரம் வந்து, "தொறங்க மாமா," என்றாள். முதல்முறையாக அவர் கை தயங்கியது. பிறகு திறந்தார். ஆவி முகத்தில் அடித்தது, சக்கரம் முன்னால் ஓடியது. மூடி, இருபது எண்ணி, சக்கரம் பின்னால் திரும்புமுன் மறுபடி திறந்தார். இப்படியே மூன்று மணி நேரம்.

"பெரியவரே, எதுக்கு இத்தன தடவ தொறக்கறீங்க?"

"வெந்துச்சான்னு பாக்க வேணாமா? எவன நம்பறது?"

தன் வீட்டிலும் ஓர் அப்பா இருப்பதாகச் சொல்லி, மீட்டர் சரியென்று எழுதிவிட்டு ஆய்வாளர் போனார். அன்றைக்கு வேகாத இறைச்சியை மூன்று பேரும் மென்றார்கள்.

அதன் பிறகு, கணக்கெடுக்க ஆள் வரும் வாரத்தில் மருமகள் சந்தேகம் வராத ஓர் எண்ணைச் சொல்வாள். கிழவர் ஸ்டூலைப் போட்டு, மூடியைத் திறந்து பிடித்து, மீட்டரை அந்த எண்ணில் கொண்டுவந்து நிறுத்துவார். மற்ற நாட்களில் அந்த மூடிப் பக்கமே போவதில்லை. பாலை மட்டும் இன்னும் முகர்கிறார்.