‘ர்’ போட்டு வாசிங்கண்ணே

காளிதாசின் குரல் இருக்கிறதே, அது சாமி கொடுத்த குரல்தான். முதுகெலும்பைக் கொடுக்கத்தான் சாமிக்கு மறந்துபோச்சு. மலாக்கா டவுனில் மைக் பிடித்து ஜப்பான்காரன் ஜெயித்ததை வாசித்தவர் அவர். அவன் தோற்றதையும் அதே தொண்டையால்தான் வாசித்தார். இப்போது கம்யூனிஸ்டுகளை ஒடுக்க மலாயாவில் வெள்ளைக்காரன் போட்ட அவசரகாலம். நாலு வருஷமாகக் கவர்மெண்டு வேனில் ஏறி எஸ்டேட் எஸ்டேட்டாகச் செய்தி வாசிக்கிறார். தஞ்சோங் கிளிங்கிலிருந்து பாயா ரும்புட் வரைக்கும் அவரைத் தெரியாத ஆள் கிடையாது.

அன்றைக்குக் குருபோங் பக்கத்து எஸ்டேட். சாயங்காலம் நாலு மணி. வேன் பக்கத்தில் நாற்காலி போட்டு ஒரு வெள்ளைக்கார அதிகாரி உட்கார்ந்திருந்தார். அவர் நல்லபடியாக எழுதிப் போட்டால் காளிதாசுக்குக் கோலாலம்பூர் ரேடியோவில் வேலை. பத்து வருஷத்து ஆசை அது. அதிகாரிக்குத் தமிழ் தெரியாது. ஆனால் வாசிப்பதைத் தாளோடு வரிவரியாகச் சரிபார்க்க, ஆபீசில் கணக்கெழுதும் ஒரு தமிழ்க் கிராணியைக் கூட்டி வந்திருந்தார்.

மைக்கைச் சரிசெய்யும்போது இருசம்மாள் வந்து நின்றாள். முந்தாநாள் ரப்பர்ப் பால்மரக் காட்டில் பட்டாளத்தான் சுட்ட அப்புசாமியின் பெண்சாதி. காட்டிலிருக்கும் கம்யூனிஸ்டுகளுக்குப் போய்ச் சேருமென்று, எஸ்டேட்டைச் சுற்றிய கம்பி வேலிக்கு வெளியே சோறு கொண்டுபோகக் கூடாதென்று சட்டம். அந்த மனுஷன் பசி தாங்காமல் மத்தியானச் சோற்றைச் சட்டைக்குள் மறைத்துக்கொண்டு வேலைக்குப் போனார். பட்டாளத்தான் நிற்கச் சொல்லி இங்கிலீஷில் போட்ட சத்தம் புரியாமல் ஓடினார். அவ்வளவுதான், கதை முடிந்தது.

“அண்ணே, தாள்ல என்ன எழுதியிருக்கு?”

காளிதாஸ் தலையைக் குனிந்துகொண்டார். “பயங்கரவாதிக்குச் சோறு கொண்டுபோனவன், சுட்டுக் கொல்லப்பட்டான்னு.”

அவள் அழவில்லை. “கவர்மெண்டு எழுதினத நீங்க மாத்த முடியாதுலா, எனக்குத் தெரியும். ‘கொல்லப்பட்டார்’னு ‘ர்’ மட்டும் போட்டு வாசிங்கண்ணே. எம்புள்ளைங்க கேட்டுக்கிட்டு இருக்கும்.”

“நான் பார்த்துக்கிறேன், போம்மா.”

மனசாரத்தான் சொன்னார், பாவி.

உலகச் செய்தி வாசித்தார். ரப்பர் விலை வாசித்தார். கிராணியின் பென்சில் அந்த வரிக்கு வந்தது. “அப்புசாமி என்பவன்…” ஒரே ஒரு எழுத்து, நாக்கு நுனிவரை வந்துவிட்டது. நாற்காலியைப் பார்த்தார்.

“…சுட்டுக் கொல்லப்பட்டான்.”

அட்சரசுத்தம்! பென்சில் அடுத்த வரிக்கு நகர்ந்தது.

இருசம்மாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு நேரே மைக்குக்கு வந்தாள். பன்னிரண்டு வருஷக் குடித்தனத்தில் புருஷன் பேரைக்கூட வாயால் சொல்லாதவள்.

“இதையும் படிச்சிருங்க சார். அவனுக்குப் பொண்டாட்டி ஒருத்தி இருந்தா. மூணு புள்ளைங்க இருக்கு. அவன் பசிக்குத்தான் அவன் சோறு கொண்டுபோனான்.”

ஒலிபெருக்கி அதையும் கடைசி லயத்து வீடு வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது. காளிதாஸ் அவசர அவசரமாகத் தாளைத் திருப்பி அடுத்த செய்திக்குப் போனார். மறுமாசமே கோலாலம்பூருக்கும் போய்விட்டார்.