அடிப்பிடித்த சோறும் மூச்சுப்பெட்டியும்

எனக்குக் கோபமே வராது. வருதுன்னு சொல்றவங்க வாயை ஊசிநூல் எடுத்துத் தைச்சுப் போடணும், அவ்வளவுதான்.

கூரிம்மலையில நான்தான் சுருதிக்காரி. பேரு ஒக்புன். மலைக்குள்ளேர்ந்து வர்ற மூச்சுதான் எங்க ஊர் அடுப்புக்கெல்லாம் சூடு. விறகு பொறுக்குற வேலையே எங்களுக்குக் கிடையாது. அந்த மூச்சைச் சுருதி சேர்க்கத்தான் மூச்சுப்பெட்டி. பைன் மரத்துல செஞ்சது, பன்னிரண்டு பட்டுத் தந்தி, அதுகளை முறுக்கப் பன்னிரண்டு பிருடை. பிருடையைத் திருகுறவங்க குணமும் மூச்சோட கலந்து வீட்டுக்கு வீடு போயிடும், அதான் அதுல ஒரு சங்கடம்.

இருபத்திரண்டு வருஷமா என் கைதான். சோறு தளதளன்னு கொதிக்கும், கொஞ்சம் அடிப்பிடிக்கும். அந்தக் கருகல்தானே ருசி! எங்க வீட்டுக்காரர் மான்சிக்கைக் கேளுங்க. பானையடியைச் சுரண்டிக் கிண்ணத்துல போட்டா, "ஆகா, ஒக்புன்!"னு கண்ணை மூடிக்கிட்டு, காத்தாடத் தின்னணும்னு கொல்லைப்பக்கம் எடுத்துட்டுப் போயிடுவார். எங்க நாய் துரி அவர் பின்னாலேயே ஓடும். அதுக்கு நான் ஒருவேளைதான் சோறு போடுவேன், இருந்தும் மத்தளம் மாதிரி இருக்கும். சில உடம்பு வாகு அப்படி.

இந்த வசந்தத்துல ஊர்த்தலைவர் போக்தாலுக்கு டீ குடிக்கும்போது தாடி பொசுங்கிடுச்சாம். உடனே பஞ்சாயத்து. "ஒக்புன் கோபத்தைத் தினமும் தின்னு தின்னு ஊருக்கே வயித்தெரிச்சல்"னு சொல்லி, பெட்டியை தாம்ஹோகிட்ட கொடுத்துட்டாங்க. தாம்ஹோ யாருன்னா, கொசு கடிச்சா இன்னொரு கையையும் நீட்டுற மனுஷன்.

மூணு நாள் நான் பாத்திரத்தையெல்லாம் உருட்டினேன். நாலாம் நாள் ஓடையில தூண்டில் போட உக்காந்தேன். சும்மா சொல்லக் கூடாது, சுகமா இருந்துச்சு, தினமும் வீட்டுல மீன் குழம்புதான். ஆனா வீடு திரும்பும்போது கை தானா பிருடையைத் தேடும். பெட்டி இல்லாம நான் யாரு? அதை நினைச்சா கோபம்கூட வரலை, அழுகைதான் வந்துச்சு.

பதிமூணாம் நாள் போக்தால் பொண்ணுக்குக் கல்யாணம். விடிஞ்சதுலேர்ந்து அடுப்புல இருந்த அரிசி, மத்தியானம் நெருங்கியும் வெதுவெதுன்னு ஊறிக்கிட்டே இருக்கு. முந்நூறு பேர் பசியோட உக்காந்திருக்காங்க. தாம்ஹோ சிரிச்சுக்கிட்டே, "அவசரம் என்னங்க, என்னிக்காவது வேகும்"ங்கிறார்.

போக்தால் என்கிட்ட ஓடி வந்தார். "ஒக்புன், வந்து உக்காரும்மா. சோறு வெந்தா வேலை சாகிறவரைக்கும் உனக்குத்தான். வேகலைன்னா பெட்டியைக் கீழூருக்கே கொடுத்துட்டு விறகு வெட்டப் போறோம்."

உக்காந்தேன். பிருடையைத் திருகினேன். தந்தி தாலாட்டு மாதிரி முனகுச்சு. ஒன்பது நாள் மீன்பிடிச்சதுல என் கோபமெல்லாம் வடிஞ்சு போச்சே!

"அவளைத் திட்டுங்கய்யா!"ன்னு போக்தால் கத்தினார். ஊரே வரிசையில நின்னுச்சு.

"ஏ பானை மூஞ்சி!"ன்னா கொல்லன் பொண்டாட்டி.

"உன் குரலைக் கேட்டுத்தான் எங்க கோழி முட்டையிடறதை நிறுத்துச்சு!"

"நடையைப் பாரு, வாத்து!"

எனக்குச் சிரிப்பு தாங்கலை. நான் சிரிச்ச சிரிப்புல, அரிசியில இருந்த வெதுவெதுப்பும் ஆறிப்போச்சு. போச்சு, பெட்டி கையை விட்டுப் போச்சு.

கடைசியா மான்சிக் வந்தார். மனுஷன் முகத்துல ஈயாடலை. என் கையைப் பார்த்தார், பெட்டியைப் பார்த்தார்.

"ஒக்புன், அந்தக் கருகல்... நான் ஒருநாளும் தின்னதில்ல. இருபத்திரண்டு வருஷமா துரிக்குத்தான் போட்டேன்."

"பொய்! என்னைக் கிளப்பிவிடப் பார்க்குறீங்க."

கருகல்ங்கிற பேச்சைக் கேட்டதும் பந்தல் மூலையில படுத்திருந்த துரி எழுந்து, வாலை ஆட்டிக்கிட்டு, அந்தக் கொழுத்த வயித்தைத் தூக்கிக்கிட்டு நேரா அவர் காலடியில வந்து வாயைப் பிளந்து உக்காந்துச்சு.

பன்னிரண்டு தந்தியும் ஒண்ணா அலறுச்சு. அண்டா மூடியெல்லாம் பந்தல் கூரையில போய் முட்டுச்சு. சோறு பொங்கி, வெந்து, அடிப்பிடிச்சு, ஊரே கமகமன்னு மணந்துச்சு. பரிமாறினாங்க. அண்டாவோட அடிச்சோறு மொத்தமும் மான்சிக் கிண்ணத்துல. நான் பார்த்துக்கிட்டே இருந்தேன். கடக் முடக்னு ஒவ்வொண்ணா மென்னார்.

அப்பத்தான் எனக்கு உறைச்சுச்சு. இருபத்திரண்டு வருஷம் பொத்திப் பொத்தி வச்ச ரகசியத்தை, வீட்டுக்குப் போனா என்ன நடக்கும்னு தெரிஞ்சும், என் வேலைக்காக முந்நூறு பேர் முன்னால போட்டு உடைச்சிருக்கார். பாவி மனுஷன். கண்ணு கலங்குச்சு, கை தளர்ந்துச்சு.

"ஐயோ, சூடு இறங்குது! இன்னும் சூப் கொதிக்கலை!" சமையல்கட்டுலேர்ந்து ஒரே கூச்சல். "அக்கா, அவரை மன்னிச்சிடாதீங்க!" முந்நூறு பேரும் கும்பிட்டாங்க.

மான்சிக் வாய் நிறையச் சோத்தோட என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"உன் மீன் குழம்பும் துரிக்குத்தான்"னார்.

சூப் கொதிச்சுச்சு.